இறங்காத கம்பளி

காலை பத்து மணிக்கே இருட்டிக்கொண்டு இலங்கையின் கந்தப்பளை மலையில் மழை கொட்டுகிறது. தேயிலைக் கொழுந்து பறிக்கும் பெண்கள் தலைக்குமேல் போர்த்திய கம்பளிகளின் விளிம்பிலிருந்து நீர் சொட்டுகிறது. கீழ்வளைவில் வெள்ளைக்காரத் துரையின் மோட்டார் சைக்கிள் உறுமும் சத்தம் கேட்டதும் சிவசாமி கங்காணி குடையை மடக்கி, தலைப்பாகையைக் கழற்றி அக்குளில் இடுக்கிக்கொள்கிறார். வெள்ளைக்காரன் ஆட்சி போய்ப் பத்து வருஷமாகியும், துரை வந்தால் தலையில் எதுவும் இருக்கக் கூடாது என்பதுதான் இந்தத் தோட்டத்து வழக்கம். அந்தப் பெண்களில் ஒருத்தியான பவளாயியின் கையும் பழக்கத்தில் கம்பளியை இறக்க மேலே போகிறது. பக்கத்துத் தேயிலை நிரையில் அவள் மகள் செல்லம் இருமுகிறாள். சளிக்காய்ச்சலில் கிடந்துவிட்டு இன்றுதான் வேலைக்கு வந்திருக்கிறாள். மேலே போன கை கம்பளியை இறுக்கிப் பிடித்துக்கொள்கிறது. “நீயும் எறக்காத” என்கிறாள் மகளிடம். அதைக் கேட்ட மற்றப் பெண்களின் கைகளும் அப்படியே நிற்கின்றன.

“கம்பளிய எறக்குங்கடி! தோட்டத்த விட்டே வெரட்டிருவாரு!” கங்காணி பதறுகிறார்.

“மழ விடட்டுங்க கங்காணி, எறக்குறோம்” என்கிறாள் பவளாயி.

வண்டி நிற்கிறது. துரை அவர்களை ஒவ்வொருவராகப் பார்க்கிறார். பிறகு நனைந்த மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மாட்டிக்கொண்டு, வண்டியைக் கிளப்பிப் போய்விடுகிறார். மேல்வளைவில் அந்தச் சத்தம் தேய்ந்த பிறகுதான் யாரோ ஒருத்தி களுக்கென்று சிரிக்கிறாள். சிரிப்பு நிரை நிரையாகப் பரவுகிறது. பவளாயி மகளின் கம்பளிக்குள் கைவிட்டு அவள் உச்சந்தலையைத் தொட்டுப் பார்க்கிறாள். நனையாமல், வெதுவெதுப்பாக இருக்கிறது. கங்காணி மட்டும் வழுக்கைத் தலையில் மழை தெறிக்க, மடக்கிய குடையோடு இன்னும் நின்றுகொண்டிருக்கிறார்.

“கொடைய விரிங்க கங்காணி” என்கிறாள் பவளாயி, “காய்ச்சல் வந்துறப் போகுது.”