ஏட்டையாவின் சாக்பீஸ்

சந்தேகத்தில் பிடித்தவனை மாஜிஸ்திரேட் உத்தரவில்லாமல் இருபத்து நாலு மணி நேரத்துக்கு மேல் அடைக்கக் கூடாது. எங்கள் ஸ்டேஷனில் அந்தச் சட்டத்தை மதித்தவர் ஏட்டு ஆதிகேசவன் ஒருவர்தான். பிடித்த நேரத்தை லாக்கப் கதவில் சாக்பீஸால் எழுதுவார்; கெடு முடிந்ததும் திறந்துவிடுவார். போன மாதம் காலராவில் போய்விட்டார். நானும் மண் போட்டேன்.

நேற்றுக் காலை பத்து மணிக்கு, தோல்ஷாப்பில் வேலை செய்யும் கன்னியப்பனைச் சந்தேகத்தில் பிடித்து அடைத்தோம். "ஒரு வாரம் கெடக்கட்டும்" என்றார் இன்ஸ்பெக்டர். ரைட்டரான நான் வீரமாகத் தலையாட்டினேன்.

இன்று பத்தடித்தபோது லாக்கப் திறந்திருந்தது. சாவி என் இடுப்பில் இருந்தது. கதவில், ஏட்டையாவின் கையெழுத்தில், 'நேற்று காலை 10'.

"ரைட்டரய்யா, ஏட்டையா போவச் சொன்னாரு. போவட்டா?" என்றான் கன்னியப்பன்.

"போ."

"யார்யா தொறந்தது?" என்று இன்ஸ்பெக்டர் வந்தார்.

"நான்தாங்க" என்றேன். என் வாயா அது?

வீட்டில் சட்டையைக் கழற்றினேன். அதன் தோளில், தட்டிக்கொடுத்த மாதிரி, சாக்பீஸ் தூளில் ஐந்து விரல்கள்.