கேட்கக் கூடாத கீபோர்டு

பழைய இசைக் கீபோர்டு ஒன்றின் சத்தங்களை மென்பொருளில் புதிதாக உருவாக்கும் வேலை. செய்கிறவர் அந்தக் கீபோர்டைக் கேட்டிருக்கவே கூடாது, கேட்டிருந்தால் நகல் என்று வழக்கு வரும் என்றார் கம்பெனி வக்கீல். வேலைக்குச் சேர்ந்த ஆனந்தராஜ், தான் கேட்டதில்லை என்று கையெழுத்துப் போட்டார். புதுக்கோட்டை அலுவலகத்தின் அடுத்த அறையில் விசாலி அதை வாசித்துக் கேட்டு, போனில் அவருக்கு விவரிப்பாள்.

“மணிச் சத்தம் சரியில்லைங்க. எவர்சில்வர் தட்டு விழுந்த மாதிரி இருக்கணும்.”

“நேத்து பித்தளைன்னீங்களே மேடம்!”

“தப்பாச் சொல்லிட்டேன். மறுபடி செய்ங்க.”

“இந்த ஒண்ணையே இருபத்தாறு தடவை செஞ்சாச்சு! தட்டும் வேணாம், தாம்பாளமும் வேணாம். கடைசியில லேசா ஒரு நடுக்கம் வரும்ல, அதச் சொல்லாம என்னத்தச் சொல்றீங்க?”

விசாலி கதவைத் திறந்துகொண்டு வந்தாள்.

“அது ஒங்களுக்கு எப்படித் தெரியும்?”

“பத்து வருசம் கச்சேரியில அதைத்தாங்க வாசிச்சேன்.”

“போச்சு, செஞ்ச நூறு சத்தத்தையும் அழிக்கணும். எதுக்குங்க கையெழுத்துப் போட்டீங்க?”

“வேலை வேணும்ல மேடம்.”