தலைவெட்டி வீட்டுச் சாபம்

ஷவ்கத் வழிகாட்டியாக வந்த பிறகு புகாரா நகரத்தின் சரித்திரம் இரண்டு மடங்காகிவிட்டது. மீதிப் பாதியை அவனே உண்டாக்கியிருந்தான். அன்றும் தாஷ்கண்டிலிருந்து வந்த சுற்றுலாக் கூட்டத்தைச் சந்து சந்தாக நடத்திக்கொண்டு போனான்.

“என்ன தம்பி, ஃபோனையே பாத்துக்கிட்டு வர்றீங்க?” என்றாள் கூட்டத்திலிருந்த மவ்லுதா.

“அம்மா எனக்குப் பொண்ணு கேக்கப் போயிருக்காங்கக்கா. பொண்ணோட அப்பா நாங்க கொண்டுபோற ரொட்டியைப் பிய்ச்சுட்டா சம்மதம்னு அர்த்தம். அந்தச் சேதிக்குத்தான்.”

“பொண்ணு வீடு எந்தத் தெரு?”

“யாருக்குத் தெரியும்? அதெல்லாம் பொம்பளைங்க பாத்துப்பாங்க.”

வழியில் செதுக்குவேலை செய்த பழைய கதவு ஒன்று கண்ணில் பட்டது. ஒரு கதவைக் கதை இல்லாமல் விட்டுவிட்டுப் போக அவனுக்கு மனசு வராது.

“இது அந்தக் காலத்துல புகாராவை ஆண்ட அமீரோட தலைவெட்டி வாழ்ந்த வீடு,” என்று ஒலிபெருக்கியில் முழங்கினான். “பரம்பரைச் சாபம். இந்த வீட்டுப் பொண்ணுக்கு வரன் வாசல் வரைக்கும் வரும். அப்படியே திரும்பிப் போயிடும்.”

“நம்புற மாதிரி இல்லையே தம்பி,” என்றாள் மவ்லுதா.

கதவு திறந்தது. உள்ளேயிருந்து ஷவ்கத்தின் அம்மா வந்தாள். கையில் இரண்டு ரொட்டிகள், முழுசாக.

“அந்த மனுஷன் ரொட்டியில கை வெச்சுட்டாருடா. அப்பப் பாத்து, வெளியே யாரு கத்துறதுன்னு கேட்டாரு. எம் பையன் குரலாச்சேன்னு நானே பெருமையாச் சொல்லித் தொலைச்சேன்.”

மவ்லுதா அந்த வீட்டை மரியாதையோடு அண்ணாந்து பார்த்தாள்.

“தப்பா நெனச்சுட்டேன் தம்பி. சாபம் நிஜந்தான்.”