மூன்றாவது கூப்பாடு

பழைய மாவட்ட நீதிமன்றத்தை அருங்காட்சியகமாக்கியபோது, அங்கே டவாலியாக இருந்து ஓய்வுபெற்ற மாசிலாமணியையே மறுபடியும் சிவப்புப் பட்டையோடு வாசலில் நிறுத்தினார்கள். பார்க்க வருகிறவர்கள் பெயரைச் சொன்னால் அந்தக் காலத்துக் குரலில் மூன்று முறை கூப்பிடுவார். அவர்கள் சிரித்துக்கொண்டே ஓடிப்போய்க் குற்றவாளிக் கூண்டில் ஏறிப் படமெடுத்துக்கொள்வார்கள்.

அன்று வரிசையில் வந்த கிழவி, "அய்யாக்கண்ணு மவன் பூவராகன்" என்றாள்.

"உங்க பேரச் சொல்லுங்கம்மா."

"எம் மவன்யா. ஸ்டேஷனுக்கு இட்டுக்கினு போனாங்க. விட்டுட்டோம், வாய்தாவுக்கு வந்துருவான்னாங்க. வீட்டுக்கு அவன் வரவேயில்ல. இதே வாசல்ல நின்னுக்கிட்டிருந்தேன். நீங்கதான் கூப்புட்டீங்க. மூணு தடவ கூப்புட்டும் வரல, தலைமறைவுன்னு எழுதிட்டாங்க."

மாசிலாமணிக்கு நினைவில்லை. எத்தனையோ ஆயிரம் பெயர் கூப்பிட்ட வாய். பட்டையைச் சரிசெய்துகொண்டு கூப்பிட்டார். கூண்டிலிருந்த கல்லூரிப் பெண்கள் சிரிப்பை நிறுத்திக் கீழே இறங்கினார்கள். இரண்டாம் முறை கூப்பிட்டார். கூண்டு காலியாகவே இருந்தது. அடுத்ததற்கு மூச்சை இழுத்தபோது கிழவி அவர் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"ரெண்டோட நிறுத்திக்குங்கய்யா. மூணாவத அவன் வந்தப்புறம் கூப்புடுங்க."