ஒரே நரம்பு

எங்கள் குழு செர்பிய நாட்டுப்பாடலை ராக் இசையோடு கலந்து வாசிக்கும். ஒரு போர்ப்படத்துக்கு இசை கேட்டுப் படப்பிடிப்புத் தளத்துக்கே கூப்பிட்டிருந்தார்கள். கேட்டு முடித்த இயக்குநர், "மிலேவாவோட குஸ்லே மட்டும் போதும். அது அழுவுது. கித்தார் வேணாம்" என்றார். எங்கள் குழுவின் மிலேவா வில்லால் இழைத்து வாசிக்கும் குஸ்லேவுக்கு ஒரே நரம்பு. என் கித்தாருக்கு ஆறு கம்பி. மறுநாள் ஐந்தைக் கழற்றி எறிந்துவிட்டு, மிச்சமிருந்த ஒன்றில் வாசித்துக் காட்டினேன். இயக்குநர் பாதியிலேயே எழுந்து போனார். மிலேவா தன் வாத்தியத்தை என் கண்ணருகே நீட்டினாள். "இது ஒண்ணு இல்ல, ரதோவான். நாப்பது குதிரைமுடி." அவள் குரலில் இருந்த இரக்கத்தைத்தான் தாங்க முடியவில்லை. இன்று காலை போர்க்காட்சிக்கு வந்து நின்ற வெள்ளைக் குதிரைக்கு வாலைக் காணோம். தளமே தேடிக்கொண்டிருக்கிறது. நான் அறைக் கதவைத் தாழிட்டு, எண்பது முடியை முறுக்கிக் கித்தாரில் ஏற்றிவிட்டேன். அழ மாட்டேன் என்கிறது.