கருப்புக் கண்ணாடி

ஸ்டேஷனில் அந்தப் போக்குவரத்து ஏட்டை எல்லாரும் ‘கூலிங் கிளாஸ்’ என்றுதான் கூப்பிடுவார்கள்.

காரணத்தை அவரே சொல்லிச் சிரிப்பார். அடுத்தவன் சொல்லிச் சிரிப்பதற்குள் நாமே முந்திக்கொண்டால் கொஞ்சம் மரியாதை மிஞ்சும் என்பது அவர் கணக்கு. கார்க் கண்ணாடியில் கருப்பு ஃபிலிம் ஒட்டியவர்களைப் பிடிக்கச் சொல்லிப் போன மாதம் அவரை ரோட்டில் நிறுத்தினார்கள். மனிதர் பிடித்தார். ஒரு டாக்டரின் காரை மறித்து, முன் கண்ணாடி முழுக்கக் கருப்பு என்று அபராதம் எழுதி, விலாவாரியாகச் சட்டமும் பேசினார். டாக்டர் பொறுத்துப் பொறுத்துப் பார்த்துவிட்டு, “சார், உங்க கூலிங் கிளாஸைக் கொஞ்சம் கழட்டிட்டுப் பாருங்களேன்” என்றார். கழற்றினார். கார்க் கண்ணாடி பளிங்கு மாதிரி இருந்தது.

“ஆண்டவன் ரெண்டு கண்ணைக் கொடுத்தான். அது போதாதுன்னு நான் மேல ஒண்ணு மாட்டிக்கிட்டேன்” என்பார் ஏட்டு.

சிரிக்காதவர் இன்ஸ்பெக்டர் ஒருவர்தான். “இன்னொரு தடவை மானத்தை வாங்கினே, பிடிபட்ட வண்டியெல்லாம் ஊருக்கு வெளியே துருப்பிடிச்சுக் கிடக்குதே, அதுக்குக் காவல் காக்க அனுப்பிடுவேன்” என்று கறாராகச் சொல்லிவிட்டார். ஏட்டு வீட்டோடு மாப்பிள்ளை. அப்படி ஒரு மாற்றல் வந்தால் மாமனார் சாப்பாட்டு நேரத்தில் என்ன பேசுவார் என்று நினைத்தாலே அவருக்குச் சோறு இறங்கவில்லை.

அதனால் இன்று கூலிங் கிளாஸ் சட்டைப்பைக்குள். வெயில் முகத்தில் அறைந்தாலும் பரவாயில்லை என்று, கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு நின்றார். கையில் வெளிச்சம் அளக்கிற மீட்டர் வேறு.

ஒரு வெள்ளைக் கார் வந்தது. நாலு பக்கமும் கருப்பு. முன் கண்ணாடியும் கருப்பு. ஏட்டுக்குத் தன் கண்மேலேயே நம்பிக்கை இல்லை. சட்டைப்பையைத் தொட்டுப் பார்த்துக்கொண்டார். கூலிங் கிளாஸ் உள்ளேதான் இருந்தது.

கை காட்டினார். ஓட்டி வந்தவன் இறங்கி, பள்ளிக்கூடத்துப் பையன் மாதிரி கையைக் கட்டிக்கொண்டு நின்றான்.

“எந்தக் கண்ணாடியிலயும் கருப்பு ஃபிலிம் ஒட்டக்கூடாது. ஒரு பொட்டுக்கூட இருக்கக்கூடாது. தெரியுமா, தெரியாதா?”

“தெரியும் சார். என் வண்டியா இருந்தா ஒட்டுவேனா? இது மாமனார் வண்டி.”

ஏட்டின் விறைப்பு அங்கேயே பாதி இறங்கிவிட்டது. இருந்தாலும் விடவில்லை. இப்படி இருட்டடித்துக்கொண்டு போகிறவன் உள்ளே எதையாவது ஒளித்திருப்பான் என்று பின் சீட், டிக்கி, ஸ்டெப்னி டயருக்கு அடி என்று தடவிப் பார்த்தார். ஒரு பழைய குடைதான் அகப்பட்டது.

“வண்டி பேப்பர் எங்கே?”

“பீரோவுக்குள்ள சார். சாவி மாமனார் இடுப்புல.”

“எங்க வீட்லயும் அதே கதைதான்” என்று ஏட்டு வாய்தவறிச் சொல்லிவிட்டு, தொண்டையைக் கனைத்துக்கொண்டார். “சரி, அபராதத்தைக் கட்டிட்டு இங்கேயே உரிச்சிட்டுப் போ.”

அவன் முகம் சுண்டிப்போனது. “அபராதம் எவ்வளவு வேணா போடுங்க சார். உரிக்க மட்டும் சொல்லாதீங்க. மனுஷன் ஆசை ஆசையா ஒட்டினது. வீட்டுக்குள்ளயே சேர்க்கமாட்டார்.”

“ஏம்ப்பா, சட்டம் பெரிசா, மாமனார் பெரிசா?”

“என்னைக் கேட்டா மாமனார்தான் சார்.”

சரியான பதில் அதுதான் என்று ஏட்டுக்கும் மனசுக்குள் பட்டது. அதனாலேயே கண்டிப்பைக் கூட்டினார். சொந்த மாமனாரை எதிர்த்து ஒரு வார்த்தை பேச முடிந்ததில்லை; அடுத்தவன் மாமனாரையாவது அடக்கிப் பார்க்கலாமே. எதிரே இருந்த டீக்கடையில் வெந்நீர் வாங்கிவந்தார், பிளேடும் கொடுத்தார். அவன் விரலை அறுத்துக்கொண்டு ஓரத்தைச் சுரண்டுவதைப் பார்க்கச் சகிக்கவில்லை.

“தள்ளுய்யா. உன்னை நம்பி எப்படித்தான் பொண்ணு கொடுத்தாங்களோ” என்று சட்டைக் கையை மடித்துவிட்டுத் தானே வேலையில் இறங்கினார். அந்த வசனம் அவர் வீட்டில் தினமும் கேட்பதுதான்.

ஒரு பொட்டு மிச்சமில்லாமல் உரித்துத் துடைத்து, மீட்டரை வைத்துப் பார்த்தார். சட்டப்படி சுத்தம். இன்ஸ்பெக்டரிடம் காட்டுவதற்காக ஃபிலிமைச் சுருட்டி அக்குளில் இடுக்கிக்கொண்டார். ரொம்ப நாளைக்கப்புறம் அவருக்குத் தன்மேலேயே ஒரு மதிப்பு வந்தது.

“போற வழியில மறுபடியும் நிறுத்துவாங்களா சார்? ஏற்கெனவே லேட்டு” என்று அவன் அழாத குறையாகக் கேட்டான்.

பாவமாக இருந்தது. ஏட்டு வாக்கி டாக்கியை எடுத்து, “வெள்ளை வண்டி ஒண்ணு வருது. எல்லாம் நானே பார்த்துட்டேன், சுத்தம். விட்டுடுங்க” என்று ஊர் எல்லை வரைக்கும் சொல்லிவைத்தார். அவனிடம், “மாமனார் திட்டினா பழியைத் தூக்கி என் மேல போடு” என்று தைரியமும் சொன்னார்.

“கண்டிப்பா சார்” என்று கும்பிட்டுவிட்டு அவன் போனான்.

கார் கண்ணுக்கு மறைந்து கொஞ்ச நேரத்தில் போன் அடித்தது. இன்ஸ்பெக்டர். வழக்கமான அதட்டல் இல்லை, குரல் கிசுகிசுவென்று வந்தது.

“யோவ், விஷயம் வெளியே போகக்கூடாது. என் வீட்டு வாசல்ல நின்ன புதுக் காரை எவனோ கிளப்பிட்டுப் போயிட்டான். வெள்ளை வண்டி. நம்பரை மாத்தியிருப்பான், அதை நம்பாதே. ஆனா கண்ணாடி வந்து... என் வீட்டுக்காரிக்கு வெயில் ஆகாதுய்யா... பூராக் கருப்பு. முன் கண்ணாடியும்தான். அந்தக் கருப்பை வச்சே அமுக்கிடலாம். உன் கண்ல ஏதாவது பட்டுச்சா?”

ஏட்டு அக்குளில் இருந்த சுருளைப் பார்த்தார். சட்டைப்பையிலிருந்து கூலிங் கிளாஸை எடுத்து நிதானமாக மாட்டிக்கொண்டார்.

“கருப்பு முழுசாக் கிடைச்சிடுச்சு சார்... வண்டிதான் போயிடுச்சு.”