இரண்டு பேருக்கு

கணவனிடமிருந்து தப்பி வந்த கிரிஜா ஊரை மாற்றினாள், கைபேசி எண்ணை மாற்றினாள். அவன் பழக்கிவிட்ட காபியை மட்டும் மாற்ற முடியவில்லை. அதே கம்பெனியில், அதே பீபெரி கொட்டைக்கு மாதச் சந்தா போட்டாள். எத்தனை பேருக்கு என்ற கேள்விக்கு 'ஒருவர்' என்று குறித்தாள்.

வந்த பாக்கெட் கனத்தது. போன் செய்து கேட்டாள்.

"அரைக் கிலோவா மாத்திட்டோம் மேடம். உங்க வீட்டுக்காரர் கூப்பிட்டு, உங்க பேரைச் சொல்லி, இனிமே ரெண்டு பேருன்னாரு."

"அட்ரஸ் கேட்டாரா?"

"ஆமா மேடம். வாசிச்சேன், எழுதிக்கிட்டாரு."

தாழ்ப்பாளை மறுபடி மறுபடி இழுத்துப் பார்த்துவிட்டுப் படுத்தாள். காலையில் கதவைக் கொஞ்சமாகத் திறந்து, வெளியே மாட்டியிருந்த பால் பையை எடுத்தாள். தினமும் ஒரு பாக்கெட் போடுகிறவர் அன்று இரண்டு போட்டிருந்தார்.